பலவேசம் எண்ணெய் – அத்தியாயம் 17: கல்யாணப் பத்திரிகையில் ஒரு வரி

கவர் காலை பத்தே காலுக்கே வந்துவிட்டது. யோகலட்சுமி அதைப் பிரித்தது மத்தியானம் ஒன்றரைக்கு.

பயந்துபோய்த் தள்ளிப்போட்டாள் என்று நினைத்துவிடாதீர்கள். குற்றாலத்தில் சாரல் விழ ஆரம்பித்து ஆறு நாள்தான் ஆகிறது. ஐந்தருவிக்குப் போகிற கூட்டம் முழுக்க அவள் கடை வாசல் வழியாகத்தான் போகும். எண்ணெய் தேய்க்காமல் அருவியில் நின்றுவிட்டு ஊர் திரும்புகிறவனை வீட்டில் யாரும் மதிக்க மாட்டார்கள். வருஷத்தில் எண்பது நாள்தான் வியாபாரம், மிச்ச நாளெல்லாம் ஈ ஓட்ட வேண்டியதுதான். அந்த எண்பதில் ஒரு காலை நேரத்தை ஒரு ஸ்பீட் போஸ்ட்டுக்குத் தூக்கிக் கொடுக்க அவளால் முடியாது.

கவர் பெங்களூரிலிருந்து வந்திருந்தது. நல்ல கனம். கல்லாவுக்குக் கீழே தள்ளி வைத்தாள். நிற்கும்போதெல்லாம் காலில் இடித்துக்கொண்டே இருந்தது.

விஷயம் உங்களுக்குத் தெரிந்ததுதான். நடுவில் இரண்டு வாரம் கல்யாணம், காதுகுத்து என்று ஊருக்குப் போய்விட்டு வந்தவர்களுக்காக இன்னொரு தடவை சொல்லிவிடுகிறேன். தென்காசியில் பலவேசம் என்று ஒருவர் எண்ணெய் காய்ச்சி விற்றார். எண்ணெய் நன்றாக இருந்தது, பெயர் நின்றது. மகள் யோகலட்சுமியைப் பாண்டியராஜுக்குக் கட்டிக் கொடுத்தபோது பேசிய நகையில் ஐந்து பவுன் குறைந்தது. “அதுக்குப் பதிலா எம் பேருலயே குற்றாலத்துல ஒரு கட போட்டுக்கோங்க மாப்ள” என்றார் பலவேசம். குத்துவிளக்கு, அண்டா, கட்டிலோடு ‘பலவேசம் எண்ணெய்க் கடை’ என்று எழுதிய ஒரு தகரப் போர்டும் சீராக லாரியில் ஏறியது. எழுத்தில் ஒன்றும் கிடையாது. சீர் கொடுக்கிறவர்கள் பத்திரமா எழுதிக் கொடுப்பார்கள்?

பலவேசம் போய்ச் சேர்ந்து பதிமூன்று வருஷம். பாண்டியராஜ் போய் நாலு வருஷம். இப்போது யோகத்தின் தம்பி இசக்கிராஜா, அப்பாவின் பெயரைத் தன் ஒருவனுக்கு மட்டும் டிரேட்மார்க்காகப் பதிவு செய்யச் சொல்லி மனுப் போட்டிருக்கிறான். பதிவாகிவிட்டால் பெங்களூர்க் கம்பெனி ஒன்று அந்தப் பெயரை விலைக்கு வாங்கிக்கொள்ளும். யோகம் ஆட்சேபம் கொடுத்திருக்கிறாள். ஆட்சேபம் தோற்றால் அவள் கடைப் போர்டு இறங்க வேண்டும். அக்காவும் தம்பியும் பேசி ஏழு மாதம் ஆகிறது.

“இதுதான் ஒரிஜினல் பலவேசமா?” என்று கேட்டார் சாத்தூர்ப் பக்கத்து மனிதர் ஒருவர். தலையில் துண்டு, கையில் பேரன்.

“ஆமா அண்ணாச்சி.”

“தென்காசில ஒண்ணு பாத்தேனே.”

“அதுவும் ஒரிஜினல்தான்.”

“அது எப்படிம்மா? ரெண்டு போர்டுலயும் ‘எங்களுக்கு வேறு எங்கும் கிளைகள் கிடையாது’ன்னு போட்டுருக்கு?”

“எண்ணெய் ஒண்ணுதான் அண்ணாச்சி. கால் லிட்டரா, அரையா?”

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லிச் சொல்லி அவளுக்கு வாய் வலித்துப்போயிற்று. இரண்டு போர்டையும் எழுதியவர் மாடன் என்கிற ஒரே பெயிண்டர். எந்தக் கடைக்கு எழுதினாலும் கடைசியில் அந்த வரியையும் சேர்த்து எழுதிவிடுவார், யாரையும் கேட்க மாட்டார், தனியாகக் காசும் வாங்க மாட்டார். அவர் பாட்டுக்கு எழுதிவிட்டுப் போனார். இப்போது இசக்கிராஜாவின் வக்கீல்கள் அதையே பிடித்துக்கொண்டு, ‘கிளை கிடையாது என்று எங்கள் கடை அன்றே அறிவித்துவிட்டது, ஆகையால் குற்றாலத்தில் இருப்பது போலி’ என்று எழுதியிருக்கிறார்கள். ‘ஆமாம், கிளை இல்லை, தனிக்கடை, தனி உரிமை’ என்று யோகத்தின் வக்கீல் பதில் எழுதினாள். மாடனுக்கு இதெல்லாம் தெரிந்தால் பிரஷ்ஷைத் தூக்கிச் சிற்றாற்றில் போட்டுவிடுவார்.

சாத்தூர்க்காரர் அரை லிட்டர் வாங்கினார். மூடியைத் திறந்து மோந்து பார்த்தார், ஏதோ தெரிந்த மாதிரி தலையை ஆட்டினார். வருஷத்துக்கு ஒரு தடவை வந்து போகிறவருக்கு எண்ணெயைப் பற்றி என்ன தெரியும்? சிவப்பாக இருக்கும், வாசமாக இருக்கும், பக்கத்து நாற்பது கடையிலும் அப்படித்தான் இருக்கும். அவர் வாங்குவது பெயரை, எண்ணெய் அதோடு சேர்ந்து வருகிறது. பெயரை எடுத்துவிட்டால் யோகத்தின் கடை நாற்பத்தோராவது கடை.

ஒன்றே காலுக்கு மேலே மலையில் மழை வலுத்து, அருவியில் குளிக்கத் தடை என்று மைக்கில் சொல்லிவிட்டார்கள். கூட்டம் முணுமுணுத்துக்கொண்டு பரோட்டாக் கடைகளுக்குள் புகுந்தது. யோகம் ஸ்டூலில் உட்கார்ந்து கவரைக் கிழித்தாள்.

முதல் இருபது பக்கமும் இங்கிலீஷ். தம்பியின் வாக்குமூலம். எழுத்துக் கூட்டிப் படித்தாள், சொன்னதையே சொல்லியிருந்தான். அப்பா செத்த பிறகு, 2013-ல்தான், அக்கா வீட்டார் அனுமதியில்லாமல் அந்தப் பெயரைத் திருட்டுத்தனமாக வைத்துக்கொண்டார்கள் என்று இருந்தது. ‘திருட்டுத்தனமாக’ என்கிற வார்த்தையை அவன் சொல்லியிருக்க மாட்டான், வக்கீல் போட்டிருப்பான் என்று அவளே சமாதானம் சொல்லிக்கொண்டாள். அவளிடம் இருந்த மிகப் பழைய லைசென்ஸும் 2013-தான். அதற்கு முந்தைய காகிதங்களைப் பாண்டியராஜ் எங்கே வைத்தார், வைத்தாரா என்பதே தெரியாது.

அடுத்த காகிதம் தமிழில் இருந்தது.

‘என் கணவர் தமது ஆயுட்காலத்தில், என் மகன் இசக்கிராஜாவைத் தவிர வேறு எவருக்கும் தமது பெயரை வியாபாரத்துக்குப் பயன்படுத்த அனுமதி அளிக்கவில்லை என்று சத்தியப்பிரமாணமாக உறுதி கூறுகிறேன்.’

கீழே கையெழுத்து: ப. வடிவம்மாள்.

அம்மா.

அந்தக் கையெழுத்தைப் போடச் சொல்லிக் கொடுத்ததே யோகம்தான். எட்டாம் வகுப்புப் படிக்கும்போது, ரேஷன் கார்டுக்குக் கைநாட்டு வைக்கப் போன அம்மாவை இழுத்து வைத்து, சிலேட்டில் எழுதிக் காட்டினாள். அந்த ‘ம்’மும் ‘மா’வும் இன்றைக்கும் ஒன்றின் மேல் ஒன்று ஏறித்தான் நின்றன.

கோபம் வரவில்லை, அசதிதான் வந்தது. இந்தக் கடையைப் பூட்டிவிட்டு, சாவியை யார் கையிலாவது கொடுத்துவிட்டு, எங்கேயாவது போய்ப் படுத்துவிடலாம் போலிருந்தது. ஆனால் மகள் மாரிச்செல்வி பின்கட்டில் எண்ணெய் இறக்கிக்கொண்டிருந்தாள். சென்னையில் இருந்த வேலையை விட்டுவிட்டு, அப்பா செத்த பிறகு இந்தக் கடைக்காகவே வந்து நிற்கிறவள். அவளுக்குத் தெரியாமல் காகிதத்தை மடிக்க வேண்டும்.

மடிக்கும்போது மிச்சப் பக்கங்கள் சரிந்தன. கடையின் போட்டோக்கள், வரி ரசீதுகள், அப்புறம் ஒரு கல்யாணப் பத்திரிகையின் ஜெராக்ஸ். இசக்கிராஜாவின் கல்யாணப் பத்திரிகை, 2003.

அதை ஏன் வைத்தான் என்பது புரிந்தது. இடது பக்கத்தில், பெற்றோர் பெயருக்குக் கீழே ‘உரிமையாளர், பலவேசம் எண்ணெய்க் கடை, தென்காசி’ என்று தேதியோடு அச்சாகியிருந்தது. பெயர் பழசு என்று காட்ட அது ஒரு நல்ல சாட்சிதான். பெங்களூர் வக்கீல்கள் அந்தப் பக்கத்தை மட்டும் இங்கிலீஷில் பெயர்த்து, சீல் அடித்து, பின்னால் குத்தியிருந்தார்கள்.

நம் ஊர்ப் பெண்கள் யார் கையில் கல்யாணப் பத்திரிகையைக் கொடுத்தாலும் முகூர்த்தத்தைப் பார்க்க மாட்டார்கள். கண் நேராக வலது பக்கத்தில் இருக்கிற ‘தங்கள் நல்வரவை விரும்பும்’ பட்டியலுக்குத்தான் போகும். யாரைப் போட்டிருக்கிறான், யாரை விட்டிருக்கிறான், யார் பெயர் யாருக்கு மேலே இருக்கிறது. யோகத்தின் கண்ணும் அங்கேதான் போனது. எறும்பு எழுத்தில் நாற்பது சொந்தக்காரர்கள். பெரியப்பாக்கள், மாமாக்கள், அதற்குக் கீழே மருமகன்.

‘த. பாண்டியராஜ், உரிமையாளர், பலவேசம் எண்ணெய்க் கடை, ஐந்தருவி ரோடு, குற்றாலம்.’

கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடியும் படித்தாள். 2003. அப்பா உயிரோடு இருக்கும்போது, அப்பா பெயரால் அடித்த பத்திரிகை. ஊர் முழுக்க, மஞ்சள் தடவி, வீடு வீடாகக் கொண்டுபோய் வைத்தது. புருஷனின் பெயரை அச்சில் பார்த்ததும் அவளுக்கு அழுகை வந்துவிட்டது. கூடவே சிரிப்பும் வந்தது. எண்ணெய்க் கையால் வாயை மூடிக்கொண்டாள்.

வக்கீல் ஜெஸிக்குப் போட்டோ எடுத்து அனுப்பினாள். ஐந்தே நிமிஷத்தில் போன் வந்தது. ஜெஸி தென்காசிக்காரி, முப்பத்தைந்து வயதுதான், பேச்சில் கறாரானவள்.

“யக்கா! இத அவங்களே குடுத்தாங்களா? அவங்க கையாலயா?”

“அவங்க கட்டுலதாம்மா இருந்துது.”

“அய்யோ, வலது பக்கத்த ஒருத்தரும் படிக்கவே இல்லக்கா! கேஸு நம்ம கையில. ஒங்க அப்பாவுக்குத் தெரிஞ்சு, அவரு சம்மதத்தோட இருபது வருஷத்துக்கு முந்தியே கட இருந்திருக்கு. இனி தம்பிக்கு மட்டும்னு பதிவு பண்ண முடியாது. ஒரு மாசத்துக்குள்ள பதில் போடணும். நான் நாளைக்கே எழுத ஆரம்பிக்கேன்.”

யோகத்தின் கண் பத்திரிகையின் இடது பக்கத்துக்குப் போனது.

“என்னக்கா, சந்தோஷமா இல்லியா?”

“அந்தப் பத்திரிகைல அம்மா பேரும் இருக்கும்மா. அழைக்கிறதே அவங்க ரெண்டு பேருந்தான்.”

“ஆமா. அத நாம எழுதித்தான் ஆவணும்க்கா. தன் பேருல அடிச்ச பத்திரிகைல ஒண்ணு, சத்தியம் பண்ணின காயிதத்துல இன்னொண்ணு. அவங்க சொன்னது பொய்ன்னு நிரூபிக்காம நாம செயிக்க முடியாது.”

“எழுவத்திரண்டு வயசு அவளுக்கு.”

“செயிலுக்கெல்லாம் யாரும் அனுப்ப மாட்டாங்க. ஆனா கூப்பிட்டுக் கேள்வி கேக்கலாம். யக்கா, ஒண்ணு சொல்லுதேன் கேளுங்க. இது முடியுத வரைக்கும் அம்மாவப் பாக்கப் போவாதீங்க. போனா, சாட்சியக் கலைச்சிட்டோம்னு எழுதிருவாங்க. தயவு செஞ்சு போவாதீங்க.”

“சரிம்மா” என்று சொல்லிப் போனை வைத்த யோகம், மாரிச்செல்வியைக் கல்லாவில் உட்காரச் சொல்லிவிட்டு, மூன்று மணி டவுன் பஸ்ஸில் ஏறி தென்காசிக்குப் போனாள். நான் என்ன செய்ய? சொன்னால் கேட்கிற ஆளா அவள்?

பஸ்ஸில் ஜன்னல் ஓரம் கிடைத்தது. சாரல் உள்ளே அடித்தது, மூடவில்லை. ஜெராக்ஸை மட்டும் பைக்குள் பாலித்தீனில் சுற்றி வைத்திருந்தாள்.

முதலில் தம்பி கடைக்குத்தான் போனாள். ஒரு வார்த்தையில் முடிந்துவிட்டால் அம்மாவைப் பார்க்க வேண்டியே இருக்காது என்பது அவள் கணக்கு.

இசக்கிராஜா இளைத்துப்போயிருந்தான். சர்க்கரை வந்து சட்டை தொளதொள என்று தொங்கியது. அக்காவைப் பார்த்ததும் எழுந்து நின்றான். அப்புறம் எழுந்ததற்கு வெட்கப்பட்ட மாதிரி உட்கார்ந்தான்.

“வா. கவர் வந்துட்டாக்கும்?”

“வந்துட்டு.”

“டீ சொல்லட்டா?”

“வேண்டாம். ஏலே, திருட்டுத்தனமான்னு எழுதியிருக்கியே, ஒனக்குக் கை வந்துதா?”

“அது வக்கீலு எழுதுனது. நான் வேண்டாம்னு சொன்னேன்.”

“வேண்டாம்னு சொல்லிட்டுக் கையெழுத்துப் போட்டியாக்கும்.”

அவன் மேஜைக்கு அடியிலிருந்து நாலு பாட்டில்களை எடுத்து வரிசையாக வைத்தான். நாலிலும் பலவேசம் படம். மீசை மட்டும் ஒவ்வொன்றில் ஒவ்வொரு மாதிரி.

“பாரு. இதுல ஒண்ணு கூட என்துமில்ல, ஒன்துமில்ல. போன சீசன்ல செங்கோட்ட ரோட்டுல மட்டும் பதினோரு கடைல இருந்துது. ஒருத்தனுக்குத் தல பூராம் கொப்பளம். அவன் வித்தவன்ட்ட போகல, பாட்டிலத் தூக்கிட்டு எங்கடைக்குல்லா வந்தான்! வாசல்ல நின்னு ஏசுதான், கூட்டம் பாக்கு. ஸ்டேஷனுக்குப் போனா, பேரு ஒனக்குச் சொந்தம்னு பேப்பர் எங்கன்னு கேக்காங்க. பேப்பர் இல்லாத பேரு தெருவுல கெடக்க பேருதான்க்கா. எவன் வேணும்னாலும் எடுப்பான்.”

“அப்பம் பேப்பர ரெண்டு பேருக்குமா வாங்கு. நானும் வாரேன், சேந்து கையெழுத்துப் போடுதேன்.”

“ரெண்டு ஓனர் இருக்க பேர எவன் வாங்குவான்?” அவன் குரல் உயரவில்லை. “கம்பெனிக்காரன் தெளிவாச் சொல்லிட்டான். ஒரே ஆளு பேருல இருந்தாத்தான் அதுக்கு வெல. பாதிப் பேருக்குப் பாதி வெலயெல்லாம் கெடையாதுக்கா. பாதிப் பேருக்கு ஒண்ணுமே கெடையாது.”

“விக்கதுக்குத்தான் என்னய வெட்டுத.”

“ஆமா, விக்கத்தான். எனக்கு முடியல.” அவன் கண்ணைக் கசக்கினான். “எண்ணெய் காய்ச்சுததுக்கு எனக்குக் கஷ்டம் இல்ல. இந்தப் பேரக் காவல் காத்துக் காத்துதான் நான் செத்துட்டேன். இருவது வருஷமா இதே சோலி. எவனாவது பெரிய ஆளு எடுத்துக்கிட்டு அவன் காவல் காக்கட்டும்.”

யோகத்துக்கு அவன்மேல் இரக்கம் வந்துவிட்டது. வரக் கூடாது என்று நினைத்துத்தான் பஸ் ஏறினாள். வந்துவிட்டது, என்ன செய்ய?

இசக்கிராஜா ஒரு காகிதத்தை நகர்த்தினான். “கம்பெனிட்டப் பேசி வாங்கி வச்சிருக்கேன். அந்த ஒரு கடைல, ஒங்காலம் வரைக்கும் நீ பேரப் போட்டுக்கிடலாம். யாரும் கேக்க மாட்டாங்க. வித்த துட்டுல மூணுல ஒரு பங்கு ஒனக்கு. ஆட்சேபத்த மட்டும் வாபஸ் வாங்கு.”

“எங்காலத்துக்கு அப்புறம்?”

“மாரி வேற பேரு வச்சுக்கிடட்டும்.”

“அவ வேற பேரு வச்சா எவம்ல வாங்குவான்? நாப்பது கடைல ஒண்ணா ஒக்காந்து கூவச் சொல்லுதியா? அந்தப் பேருக்காகத்தான் அவ மெட்ராஸ் வேலய விட்டா.”

“நானா வரச் சொன்னேன்?”

யோகத்துக்குப் பையில் இருந்த ஜெராக்ஸ் ஞாபகம் வந்தது. எடுத்து மேஜையில் போட்டால் போதும், இவன் முகம் செத்துவிடும். ஒரு காகிதத்தில் தன் தலையில் தானே மண்ணைப் போட்டுக்கொண்டவன் அது தெரியாமலே மூன்றில் ஒரு பங்கு தருகிறேன் என்று பேசிக்கொண்டிருக்கிறான். கை பைக்குப் போய்விட்டுத் திரும்பி வந்தது.

“அம்மா கையெழுத்த எப்படிடா வாங்குன?”

“கட்டாயப்படுத்தல. வேணும்னா அவட்டயே கேளு.” சொல்லிவிட்டுச் சட்டென்று, “வேண்டாம், கேக்காத. அவளுக்குப் பிரஷர் இருக்கு” என்றான்.

வாசலில் காலி பாட்டில் ஏற்றிய வண்டி வந்து ஹாரன் அடித்தது. அவன் இறங்கிப் போனான். யோகம் அந்த ஒப்பந்தக் காகிதத்தை எடுத்துப் பார்த்தாள். கையெழுத்துக்குப் பென்சிலால் ஒரு பெருக்கல் குறி போட்டு வைத்திருந்தான். போட்டுவிட்டால் இன்றைக்கே நிம்மதியாகத் தூங்கலாம். பேனாவைக்கூட எடுத்துவிட்டாள் என்று சொன்னால் நீங்கள் அவளைத் திட்டக் கூடாது. பேனாவை வைத்துவிட்டு, பக்கத்துச் சந்து வழியாக வெளியே வந்து, குத்துக்கல்வலசையில் அம்மா இருக்கிற தம்பி வீட்டுக்கு ஷேர் ஆட்டோ பிடித்தாள்.

வடிவம்மாள் முன் அறையில் தரையில் உட்கார்ந்து சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். டி.வி. ஓடியது, சத்தம் இல்லை. மருமகள் பள்ளிக்கூடத்தில் மீட்டிங் என்று போயிருந்தாள்.

“ஏட்டி யோகம்! நனஞ்சிட்டு வந்திருக்கியே, தலயத் தொட. சாப்ட்டியா?”

“சாப்ட்டேன்” என்று பொய் சொன்னாள். எதிரில் உட்கார்ந்து அவளும் ஒரு வெங்காயத்தை எடுத்தாள். இரண்டு பேரும் கொஞ்ச நேரம் உரித்தார்கள்.

“பேப்பர் வந்துட்டும்மா.”

“வரும்னு சொன்னான்.”

யோகம் பாலித்தீனைப் பிரித்து ஜெராக்ஸை எடுத்தாள். “இதப் பாரு. அதுல இதுவும் இருக்கு.”

வடிவம்மாள் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு வாங்கினாள். வெளிச்சத்துக்குத் தூக்கிப் பிடித்து, அவளும் நேராக வலது பக்கத்துக்குத்தான் போனாள். விரலை வைத்து ஒவ்வொரு பெயராக இறங்கினாள். மருமகன் பெயரில் விரல் நின்றது.

“இந்தப் பேரு மொதல்ல இல்லட்டி” என்றாள்.

“என்னது?”

“அச்சாபீசுல இருந்து பிரூப் வந்துது பாரு, அதுல இல்ல. ஒங்கப்பா மறந்துட்டாரு. மருமவன் பேர விட்டுட்டுப் பத்திரிக அடிச்சா ஊரு காறித் துப்பும்னு நாந்தான் சண்ட போட்டேன். சரின்னு பேர மட்டும் எழுதுனாரு. கடப் பேரையும் போடுங்க, எங்க மாப்ள என்ன சும்மாவா ஒக்காந்திருக்காரு, நீங்க குடுத்த பேருதானன்னேன். அப்புறமாத்தான் போட்டாரு.”

“நீ சொல்லித்தான் போட்டாரா?”

“பின்ன?”

“அப்பம் அப்பா எங்களுக்குப் பேரக் குடுத்தது நெசந்தான?”

“நெசந்தான். அஞ்சு பவுனுக்குப் பதிலாக் குடுத்தாரு. நான் பக்கத்துலதான இருந்தேன்.”

“தெரிஞ்சுக்கிட்டேதான் இல்லன்னு கையெழுத்துப் போட்டியா?”

“தெரிஞ்சுதான் போட்டேன்” என்றாள் வடிவம்மாள். முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை.

“ஏம்மா?”

அவள் மறுபடி வெங்காயத்தை எடுத்தாள். “அவன் வந்து நீட்டுனான். அதட்டல, மெரட்டல, பொய் சொல்லக் கூடாதுல்லா. சோறு தின்னுக்கிட்டு இருந்தேன். கை கழுவிட்டு வந்து போடுதேன்னேன். கழுவப் போன எடத்துல நெனச்சுப் பாத்தேன். மாட்டேன்னு சொன்னா நாளைக்கு நான் எங்கன போவேன்?”

“நான் இல்லியா?”

“நீ இருக்கியா?” வடிவம்மாள் கேட்டது கோபத்தில் இல்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்ட மாதிரி இருந்தது. “ஒங்கப்பா போயி பதிமூணு வருஷமாச்சு. இந்தப் பதிமூணு வருஷத்துல ஒரு நாளு, ‘எம்மா, எங்கூட வந்து இரு’ன்னு கூப்பிட்டிருக்கியாட்டி?”

யோகம் வாயைத் திறந்தாள். தீபாவளிக்குச் சேலை, மாத்திரை வாங்கக் காசு, கண் ஆபரேஷனுக்கு ஆஸ்பத்திரியில் மூன்று நாள். எல்லாம் செய்திருக்கிறாள். அதை மட்டும் சொன்னதில்லை.

“மக வீட்டுல வந்து இருக்க மாட்டன்னு நெனச்சேம்மா.”

“நெனச்ச. கேக்கலல்லா.”

“கேட்டிருந்தா வந்திருப்பியா?”

“வந்திருக்க மாட்டேன். அது வேற. போறதுக்கு ஒரு எடம் இருக்குன்னு தெரிஞ்சிருந்தா, அன்னைக்கு மாட்டேன்னு சொல்லியிருப்பேன்லா.”

யோகத்துக்கு அழத் தோன்றியது. வெங்காயத்தின் மேல் பழியைப் போட்டுக் கண்ணைத் துடைத்தாள். இவ்வளவு நாளும் தனக்குத்தான் அநியாயம் நடந்தது என்று சுமந்துகொண்டு திரிந்தாள். இப்போது அந்தச் சுமையை இறக்கவும் முடியவில்லை, தூக்கவும் முடியவில்லை.

“இப்பம் எப்படிம்மா கூப்பிடுவேன்?” என்றாள் கடைசியில். “ஒன்னயப் பாக்கவே வரக் கூடாதுன்னு வக்கீலு சொல்லியிருக்கா. இப்பம் கூப்பிட்டா, கேசுக்காகக் கூப்பிட்டதா ஆயிரும். சாட்சிய வெலைக்கு வாங்குனேன்னு எழுதுவாங்க. தம்பியும் அப்படித்தான் நெனப்பான். நீயும் நெனப்ப.”

“நான் என்ன நெனக்கேன்ங்கது என் பாடு.” வடிவம்மாள் கத்தியைக் கீழே வைத்தாள். “நீ கூப்பிட்டுத்தான் பாரேன்.”

வாசலில் பைக் வந்து நின்றது. செருப்பைக் கழற்றாமலே இசக்கிராஜா படியேறினான். கடையில் அக்காவைக் காணாமல் நேராக இங்கே வந்திருக்கிறான். நனைந்த சட்டையோடு நிலைப்படியில் நின்று, தரையில் கிடந்த ஜெராக்ஸையும் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தான்.

யோகம் அவனை நன்றாகப் பார்த்தாள். அவன் முன்னால் அம்மாவைக் கூப்பிட்டால் அது நாளைக்கே பெங்களூருக்குப் போகும். அவள் கையில் இன்றைக்குத்தான் கிடைத்த அந்த ஒரே வரிக்கு என்ன மதிப்பு மிஞ்சும் என்று ஜெஸிக்குத்தான் வெளிச்சம். மாரிச்செல்வியிடம் என்ன பதில் சொல்வது?

“எம்மா” என்றாள் யோகம், தம்பிக்கும் கேட்கும்படியாக. “எங்கூட வந்து இரு.”

வடிவம்மாள் தலையைத் திருப்பி மகனைப் பார்த்தாள்.